முப்பத்தொன்றாம் பக்கத்து முடிச்சுகள்

அச்சுத் தொழிலாளர் சங்கத்து மலருக்கு ஏதாவது எழுதித் தாருங்கள் என்று கேட்டு மூன்று முறை ஆள் வந்துவிட்டது. நான் பேசத் தெரியாதவன் என்பது என்னோடு வேலை பார்த்தவர்களுக்குத் தெரியும். எழுதினால் யார் முகத்தையும் பார்க்க வேண்டியதில்லை என்பதால்தான் ஒப்புக்கொண்டேன். எட்டாம் வகுப்போடு பள்ளியை விட்டவன். கண் மங்கிப்போய், ஐம்பது வயது முடிவதற்குள்ளேயே வேலையையும் விட்டவன். கம்போசிங்குக்குப் புதிதாய் வந்திருக்கும் உங்களுக்கு அச்சுக் கோக்க நான் சொல்லித்தர ஒன்றுமில்லை. அதை விரல் தானாகப் படித்துக்கொள்ளும். பிழை செய்துவிட்டால் அதற்கப்புறம் என்ன என்பதைப் பற்றி மட்டும் கொஞ்சம் எழுதலாம். அதிலும் நான் சரியாகச் செய்தேன் என்று சொல்லிக்கொள்ள எதுவும் இல்லை.

நயா பைசா புழக்கத்துக்கு வந்த புதிது. தென்காசியில் கோயிலின் மொட்டைக் கோபுரத்துக்குத் தெற்கே இருந்த ஒரு சின்ன அச்சகத்தில் நான் கம்போசிட்டர். கல்யாணப் பத்திரிகை, கோயில் கொடை நோட்டீஸ், கருமாதிக் கடிதம், இவைதான் எங்கள் பிழைப்பு. புத்தகம் என்று ஒன்று வந்தால் அது விசேஷம்.

அப்படி விசேஷமாய் வந்தவர்தான் கணக்கம்மா. அந்தப் பெயர் நாங்கள் முதுகுக்குப் பின்னால் வைத்தது. மெட்ராஸில் ஒரு கல்லூரியில் வெகுகாலம் கணிதம் நடத்திவிட்டு, ஓய்வு பெற்று, குற்றாலத்தில் ஐந்தருவிக்குப் போகிற பாதையில் வீடு எடுத்துத் தங்கியிருந்தார். சொந்த ஊர் சுந்தரபாண்டியபுரம். தமிழில் மூன்று சிறு புத்தகங்கள் எழுதியிருந்தார். ஒன்று சமச்சீர் பற்றி. இரண்டாவது முடிச்சுகள் பற்றி. மூன்றாவது, பிள்ளைகள் தாங்களே கண்டுபிடித்துக் கற்றுக்கொள்வது எப்படி என்று ஆசிரியர்களுக்கு எழுதியது.

முதல் நாள் முதலாளி கையெழுத்துப் பிரதியைக் கடைசிப் பக்கம் வரை புரட்டிவிட்டுக் கேட்டார்.

"விடையெல்லாம் எங்கனம்மா இருக்கு? தனியாத் தருவீங்களா?"

"விடை கிடையாது."

"விடை போடாத கணக்குப் புத்தகத்தை எவன்மா வாங்குவான்?"

"வாங்குதவன் கண்டுபிடிச்சுக்கிடுவான் அண்ணாச்சி."

முதலாளி என்னைப் பார்த்தார். நான் ஈய எழுத்துக் கேஸைப் பார்த்துக்கொண்டேன்.

அந்த அம்மா எழுதியது அப்படித்தான். இதைச் செய்து பாருங்கள், என்ன ஆகிறது என்று கவனியுங்கள், ஏன் என்று யோசியுங்கள் என்றுதான் ஒவ்வொரு பக்கமும் முடியும். என்ன ஆகும் என்று எந்த இடத்திலும் சொல்லமாட்டார். புரூஃப் கொண்டுபோகும்போதெல்லாம் என்னிடம் ஒரு கேள்வி கேட்பார். "நீங்க செஞ்சு பாத்தீங்களா தம்பி?" நான் "நேரம் இல்லம்மா" என்பேன். உண்மையில் நேரம் இருந்தது. கணக்கு என்றால் எனக்குப் பயம்.

முதல் புத்தகத்தில் படங்கள் நிறைய. கோலம், வண்ணத்துப்பூச்சி, மாவிலை, கோயில் கதவு. நோட்டீஸுக்குப் பிள்ளையாரும் குத்துவிளக்கும் நான் மரத்தில் செதுக்குவது வழக்கம் என்பதால், இந்தப் படங்களையும் என்னையே செதுக்கச் சொன்னார் முதலாளி.

மரத்தில் பிளாக் செதுக்க ஒரு முறை இருக்கிறது. வரைந்த தாளை மரத்தின்மேல் குப்புற ஒட்டவேண்டும். அப்போதுதான் மரத்தில் இடம் வலமாகி, அச்சடித்தால் மறுபடி நேராகும். ஆனால் குப்புற ஒட்டினால் கோடு தாளின் முதுகு வழியாய் மங்கலாகத்தான் தெரியும். கண் வலிக்கும். கோலத்துக்கும் வண்ணத்துப்பூச்சிக்கும் இரண்டு பக்கமும் ஒன்றுதானே என்று நான் தாளை நிமிர்த்தியே ஒட்டிச் செதுக்கினேன். ஒரு குறையும் வரவில்லை. இருபது, இருபத்தைந்து படம் அப்படியே ஆனது. என் கை அதற்குப் பழகிவிட்டது.

இரண்டாவது புத்தகம் மறு வருஷம், சாரல் காலத்தில் வந்தது. முடிச்சுப் படங்களுக்கெல்லாம் மெட்ராஸிலிருந்து துத்தநாக பிளாக் வந்துவிட்டது. முப்பத்தொன்றாம் பக்கத்துக்கு உரிய இரண்டு படங்களை மட்டும் அந்த அம்மா தாமதமாகக் கொண்டுவந்தார். மெட்ராஸுக்கு அனுப்ப நாள் இல்லை. தென்காசிப் பள்ளி ஒன்றில் சுற்றுவட்டார ஆசிரியர்கள் கூடும் நாள் குறித்தாகிவிட்டது. அன்றைக்குப் புத்தகம் கையில் இருக்கவேண்டும். புரூஃபில் அந்தப் பக்கத்தில் படத்துக்கு இடம் விட்டுக் கொடுத்தோம். அவர் எழுத்தைத் திருத்தி அனுப்பினார். படத்தை நான் மரத்தில் செதுக்கினேன். தாளை நிமிர்த்தி ஒட்டி.

அந்தப் பக்கத்தில் இருந்தது இவ்வளவுதான். ஒரு நூலை இரண்டு கையிலும் பிடித்து, வலக்கை நுனியை இடக்கை நுனியின் மேலே போட்டு, அடியில் நுழைத்து எடுங்கள். முதல் படத்தில் உள்ள முடிச்சு கிடைக்கும். இன்னொரு நூலில் இடக்கை நுனியை மேலே போட்டுச் செய்யுங்கள். இரண்டாம் படம் கிடைக்கும். இனி நுனிகளைச் சேர்த்துக் கட்டிவிட்டு, அவிழ்க்காமல், வளைத்தும் திருப்பியும் ஒன்றை மற்றொன்றாக்க முடியுமா என்று பாருங்கள்.

முடியாது. பார்வைக்கு இரட்டைப் பிள்ளைகள் மாதிரி இருக்கும். ஆனால் இடது கால் செருப்பு வலது காலுக்கு ஆகாதது போல, ஒன்று மற்றொன்று ஆகவே ஆகாது. அந்த அம்மா அதை எழுதவில்லை. படிக்கிறவன் மண்டையை உடைத்துக்கொண்டு கண்டுபிடிக்கவேண்டும் என்று விட்டிருந்தார்.

அச்சு முடிந்து தையல் நடந்துகொண்டிருந்தது. கூட்டத்துக்கு இன்னும் இரண்டு நாள். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு, கோத்த ஈய எழுத்துப் பக்கங்களைக் கலையாமல் நூலால் சுற்றிக் கட்டிக்கொண்டிருந்தேன். பக்கத்தில் ஒரு தாள் கிடந்தது, முப்பத்தொன்றாம் பக்கம் மேலே தெரிய. கையில் நூல் இருந்தது. வேறு எந்தக் காரணமும் இல்லை. போட்டுப் பார்த்தேன்.

இரண்டாம் படம் வந்தது.

வலக்கையைத்தான் மேலே போட்டேனா என்று சந்தேகம். மறுபடி போட்டேன். அப்போதும் இரண்டாம் படம்தான். ஏழெட்டுத் தடவை போட்டிருப்பேன். எட்டாவது படித்தவனுக்குக் கணக்கம்மாவின் புத்தகம் எப்படி விளங்கும் என்றுதான் எனக்குத் தோன்றியது. பிழை என்னிடம்தான் இருக்கும் என்று நம்பி, நூலை வைத்துவிட்டு எழுந்தே விட்டேன். மேஜையில் முதல் படத்தின் மரக்கட்டை இருந்தது. அதை எடுத்துப் பார்த்தேன். கட்டையில் முடிச்சு சரியாக இருந்தது. கட்டையில் சரியாக இருந்தால் தாளில் மாறித்தானே விழும்! நாள் முழுவதும் ஈய எழுத்தை இடம் வலமாகப் படிக்கிற எனக்கு, படத்தில் அது தோன்றவில்லை. முதல் படம் இரண்டாவதாகவும், இரண்டாவது முதலாவதாகவும் அச்சாகிவிட்டது. இரண்டு கட்டையையும் இடம் மாற்றி வைத்திருந்தால் போதும். இரண்டு நிமிட வேலை.

முதலாளி உள்ளே வந்தார். "என்னலே, நூலை வச்சு விளையாடிக்கிட்டு இருக்க?"

"முதலாளி, முப்பத்தொண்ணாம் பக்கத்துப் படம் மாறிப்போச்சு."

"எப்படி மாறும்? முடிச்சுதான இருக்கு?"

"முடிச்சுதான். ஆனா அங்கன வரவேண்டியது இங்கன வந்துட்டு."

தாளை வாங்கிக் கண்ணுக்குக் கிட்டே வைத்தார், தூரத்தில் வைத்தார். "எனக்கு ரெண்டும் ஒண்ணாத்தாம்லே தெரியுது. ஊருல அவனவன் இடுப்பு வேட்டியைக் கட்ட நேரமில்லாம அலையுதான். இதை எவன் உக்காந்து போட்டுப் பாக்கப் போறான்?"

அச்சு மெஷின் ஓட்டுகிறவர் சிரித்தார். நான் சிரிக்காததைப் பார்த்து முதலாளி குரலைத் தணித்துக்கொண்டார். "ஒனக்கு உறுத்துச்சுன்னா நாளைக்குப் போயி அந்தம்மாட்ட சொல்லிட்டு வா. ஒரு திருத்தச் சீட்டு அடிச்சு ஒட்டச் சொன்னா ஒட்டிருவோம். இதுக்குப் போயி ஏன் பேயறைஞ்ச மாதிரி நிக்க?"

இதை எதற்குச் சொல்கிறேன் என்றால், என்னை யாரும் தடுக்கவில்லை. பலர் தாங்கள் செய்த பிழையை எழுதும்போது நடுவில் ஒரு கெட்ட முதலாளியைக் கொண்டுவந்து நிறுத்துவார்கள். எனக்கு அப்படி ஒருவர் அமையவில்லை.

மறுநாள் அந்தத் தாளைப் பைக்குள் மடித்து வைத்துக்கொண்டு குற்றாலம் போனேன். நல்ல சாரல். அந்த அம்மா வீட்டில் ஜன்னல் கம்பி முழுக்க முடிச்சுகள் தொங்கின. கயிறு, நாடா, தென்னைநார்க் கொச்சம், கிழிந்த சேலைத் துண்டு எல்லாவற்றிலும் முடிச்சு.

"கொடிக்கயித்தைக்கூட விட்டு வைக்கலய்யா" என்றார் காப்பி கொண்டுவந்த சமையல்கார அம்மாள். "ஈரத்துணியை என் தலையிலதான் காயப்போடணும்."

"அவ கெடக்கா. நீங்க உக்காருங்க தம்பி. முப்பத்தொண்ணாம் பக்கம் அடிச்சாச்சா?"

"அடிச்சாச்சும்மா."

"நாளைக்கு அந்த ஒரு பக்கத்தைத்தான் செய்யச் சொல்லப் போறேன். நாப்பது வாத்தியார்மார் வாராங்க. அந்தப் பக்கத்துக்காகத்தான் இந்தப் புத்தகத்தையே எழுதினேன்." அவர் முகத்தில் அப்படி ஒரு சந்தோஷத்தை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. பிறகு, எப்போதும் கேட்பதைக் கேட்டார். "நீங்க போட்டுப் பாத்தீங்களா?"

ஆமாம் என்று ஒரு சொல் சொன்னால் போதும். மீதியை அவரே கேட்டு வாங்கியிருப்பார். பை என் மடியில் இருந்தது.

"இல்லம்மா" என்றேன்.

"எப்பவும் இதே பதில்தானா! அச்சுக் கோக்குத கைக்கு ஒரு முடிச்சுப் போட வராதாக்கும்" என்று சிரித்தார்.

புறப்படும்போது சொல்லிவிடலாம் என்று நினைத்தேன். புறப்படும்போது வாசல் வரை வந்து, சாரல் வலுக்குமுன் பஸ்ஸைப் பிடியுங்கள் என்றார். நான் தலையாட்டிவிட்டு நடந்தேன். பஸ்ஸில் வரும்போது மனசு நல்ல நல்ல நியாயமாகத் தேடித் தந்தது. முதலாளியே இரண்டும் ஒன்று என்கிறாரே. பெரிய பெரிய வாத்தியார்கள் நூலைப் பிடித்து விளையாடவா போகிறார்கள்? அச்சகத்தில் முதலாளி "சொல்லிட்டியா?" என்று கேட்டார். "ம்" என்றேன். அந்தப் பொய்யும் சேர்ந்துகொண்டது.

மூன்றாம் நாள் காலையில் புத்தகக் கட்டைச் சுமந்துகொண்டு பள்ளிக்கூடத்துக்குப் போனதும் நான்தான். கையில் வாங்கின புதுப் புத்தகத்தின் அட்டையைத் தடவிப் பார்த்துவிட்டு அந்த அம்மா மேஜைமேல் வைத்துவிட்டார். திறக்கவில்லை. ஒவ்வொரு வரியும் அவருக்கு மனப்பாடம். ஆளுக்கொரு புத்தகமும் இரண்டு துண்டு நூலும் கொடுத்தோம். நான் கடைசி பெஞ்சுக்குப் பின்னால் போய் நின்றுகொண்டேன்.

வாத்தியார்கள் நூலைப் பிடித்து விளையாடத்தான் செய்தார்கள். சிலர் எழுத்தைப் படிக்காமல் படத்தைப் பார்த்தே முடிச்சைப் போட்டார்கள். சிலர் பக்கத்தில் இருப்பவர் கையைப் பார்த்துப் போட்டார்கள். எல்லோரும் வந்துவிட்டது என்றார்கள். நாலாவது வரிசையில் ஒருவர் மட்டும் எழுந்தார். என் வயசுதான் இருக்கும். ஒல்லியாய், சட்டைப் பித்தானைக் கழுத்து வரை போட்டிருந்தார். சுரண்டைப் பக்கத்து ஆரம்பப் பள்ளி ஆசிரியர்.

"அம்மா, எனக்கு ரெண்டாவது படம்லா வருது."

"வலக்கை நுனியை மேல போட்டீங்களா சார்?"

"போட்டேம்மா."

"இன்னொரு தடவை போட்டுப் பாருங்க."

போட்டார். நுனி நுனியாய் நிதானமாகப் போட்டார். "இப்பவும் ரெண்டாவதுதான் வருது."

பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. "அண்ணாச்சி, சாப்பிடுத கையைத் தூக்குங்க பாப்போம்!"

எல்லோரும் சிரித்தார்கள். அவர், பாவம், உண்மையாகவே வலக்கையைத் தூக்கிக் காட்டினார். நூல் அதிலிருந்து தொங்கியது. சிரிப்பு இன்னும் கூடியது.

"சிரிக்காதீங்க" என்று அந்த அம்மா அதட்டினார். பிறகு அவரிடம் மிகவும் அன்பாகச் சொன்னார். "சார், தப்பு எங்க இருக்குன்னு நான் சொல்லமாட்டேன். வந்து பாக்கவும் மாட்டேன். அது உங்க கையிலதான் இருக்கு. பொறுமையாத் தேடுங்க. நீங்களே கண்டுபிடிச்சிருவீங்க."

கோபமாகச் சொல்லியிருந்தாலாவது அந்த ஆசிரியர் எதிர்த்துப் பேசியிருப்பார். அவர் படத்தைப் பார்த்தார், கையைப் பார்த்தார், மறுபடி படத்தைப் பார்த்தார். மூன்றாம் முறை போட்டார். நான் நின்ற இடத்திலிருந்து அவர் கை நன்றாகத் தெரிந்தது. இடக்கை நுனியை மேலே போட்டார்.

"வந்துட்டும்மா" என்றார், மெதுவாக.

எல்லோரும் கைதட்டினார்கள். அந்த அம்மாவும் தட்டினார். அந்த ஆசிரியர் உட்கார்ந்தார்.

அந்த நேரத்தில் நான் கத்தியிருக்கவேண்டும். நாற்பது பேர் திரும்பிப் பார்ப்பார்களே என்று என் நாக்கு எழவில்லை. தேநீருக்கு மணி அடிக்கட்டும் என்று காத்திருந்தேன். அடித்ததும் மேஜைக்குப் போனேன்.

"அம்மா, அந்த சார் மொதல்ல போட்டதுதான் சரி. படம் தப்பு. நான்தான் மாத்திச் செதுக்கிட்டேன்."

அவர் அப்போதுதான் புத்தகத்தைத் திறந்தார். முப்பத்தொன்றாம் பக்கத்தைப் பார்த்தவுடனே தெரிந்துவிட்டது. நூலைக்கூடத் தொடவில்லை.

"உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுது?"

"போட்டுப் பாத்தேம்மா."

"எப்போ?"

"முந்தாநாள்."

அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். "நேத்து கேட்டனே" என்றார். மறுபடியும், "நேத்து கேட்டனே, தம்பி."

அவ்வளவுதான். அதற்குமேல் அன்றும் சரி, பிறகும் சரி, அதைப்பற்றி என்னிடம் ஒரு வார்த்தை பேசியதில்லை.

தேநீர் முடிந்து எல்லோரும் உள்ளே வந்ததும் அவர் மேஜைக்கு முன்னால் வந்து நின்று சொன்னார். "நாலாவது வரிசையில எழுந்து நின்னாரே, அந்த சார் சொன்னதுதான் சரி. படம் மாறி அச்சாயிருக்கு. இங்க இருக்குத நாம எல்லாரும் தப்பு. நான்தான் மொதல் தப்பு. பாக்கமாட்டேன்னு சொன்னவ நான்." அச்சகத்தின் பெயரை எடுக்கவில்லை, என்னையும் காட்டவில்லை.

நாலாவது வரிசையில் அந்த இடம் காலியாக இருந்தது.

"தலை வலிக்குன்னு சொன்னாரும்மா. சுரண்டை பஸ்ஸுக்குப் போயிட்டார்" என்றார் பக்கத்தில் இருந்தவர்.

திருத்தச் சீட்டை அன்று சாயங்காலமே கோத்தேன். முப்பத்தொன்றாம் பக்கத்தில் முதல் படமும் இரண்டாம் படமும் இடம் மாறியுள்ளன என்று ஒரே வரி. மீதி இருந்த எல்லாப் புத்தகத்திலும் ஒட்டினோம். மூன்றாவது புத்தகம் அடுத்த வருஷம் வந்தது. கையெழுத்துப் பிரதி முன்பே எழுதி முடித்ததுதான்; அதில் ஓரத்தில் புதிதாக ஒரு வரி சேர்த்திருந்தார். பிள்ளை திரும்பத் திரும்ப ஒரே விடையைச் சொன்னால் ஆசிரியர் எழுந்து போய்ப் பார்க்கவேண்டும் என்று. அந்த வரியையும் நான்தான் கோத்தேன்.

உங்களுக்கும் கை பழகும். பழகின கை பிழை செய்யும்; அதற்காக யாரும் உங்களைத் தூக்கில் போடப் போவதில்லை. முதலாளிமார் திட்டுவார்கள், பிறகு சீட்டு அடிக்கச் சொல்வார்கள். பிழையைக் கண்டுபிடித்த அன்றே வாயைத் திறந்துவிடுங்கள். நான் ஒரு நாள் பொறுத்தேன், பிறகு ஒரு மணியோசைக்காகப் பொறுத்தேன். அந்த இடைவெளியில்தான் சம்பந்தமே இல்லாத ஒரு மனிதர் எழுந்து நின்றார். இதற்குமேல் புத்தி சொல்ல எனக்குத் தெம்பு இல்லை.

சீட்டு ஒட்டின புத்தகம் ஒன்றை எடுத்துக்கொண்டு மறு வாரம் சுரண்டைக்குப் போனேன். யாரும் அனுப்பவில்லை. பஸ்ஸை விட்டு இறங்கி, சந்தைக்கு அந்தப் பக்கம் அவர் பள்ளிக்கூடத்தை விசாரித்துக் கண்டுபிடித்தேன். வகுப்பு வாசலுக்கு அவர் வந்தார். நான் வழியெல்லாம் சொல்லிப் பார்த்து வைத்திருந்ததைத் தலை குனிந்தபடி சொல்லி முடித்தேன். பிளாக்கை நான் மாற்றிச் செதுக்கியது, முன்பே தெரிந்தும் சொல்லாதது எல்லாம்.

அவர் சீட்டைப் படித்தார். "அப்ப நான் மொதல்ல போட்டதுதான் சரியா?"

"சரிதான் சார். அம்மா எல்லார் முன்னாலயும் சொன்னாங்க."

"எல்லாரும் இருந்தாங்களாக்கும்."

"இருந்தாங்க. நீங்கதான் இல்ல."

அவர் லேசாகச் சிரித்தார். "மூணாவது தடவை இடக்கையை மேல போட்டேன்னு எனக்கும் தெரியும் அண்ணாச்சி. கையைத் தட்டிட்டாங்க. அதுக்கப்புறம் என்னத்தைச் சொல்ல?"

நான் பையிலிருந்து ஒரு துண்டு நூலை எடுத்து நீட்டினேன். "ஒருக்காப் போட்டுப் பாருங்க சார். பிள்ளைகளுக்கும் காட்டலாம்."

"இருக்கட்டும். பிள்ளைக காத்துக்கிட்டு இருக்கு."

புத்தகத்தை மட்டும் வாங்கி அலமாரியின் மேல்தட்டில் வைத்தார். பிள்ளைகளின் பக்கம் திரும்பினார். எட்டாம் வாய்ப்பாடு தொடங்கியது. அவர் முதலில் ஒரு வரி சொன்னார். பிள்ளைகள் அதையே திருப்பிச் சொன்னார்கள்.